பாரிஸ் பக்கத்துல கொலோம்ப்ல வழிகாட்டின பெரியவருக்கு

பேர் கேக்க மறந்துட்டேன், அதான் இங்க எழுதுறேன். பாரிஸ் செயின்ட் லசார்ல ஜே லைன் ரயில் ஏறி, தப்பான ஸ்டேஷன்ல இறங்கி, போன்ல சார்ஜும் இல்லாம முழிச்சிட்டு நின்னப்ப ஒரு பெரியவர் பிரெஞ்சுல ஏதோ கேட்டு, எனக்குப் புரியலன்னதும் கொலோம்ப் ஸ்டேடியம் வரைக்கும் கூடவே நடந்து வந்து விட்டுட்டுப் போனாரு. ரொம்ப நன்றிங்க ஐயா.

அந்த கிரவுண்டுலதான் 1924 ஜூலை 7ல பிரிட்டிஷ் ஓட்டக்காரர் ஹெரால்ட் ஆபிரகாம்ஸ் 10.6 செகண்டுல 100 மீட்டர் ஒலிம்பிக் தங்கம் ஜெயிச்சாரு. அடுத்த வருஷமே லாங் ஜம்ப்ல கால் உடைஞ்சு ஓட்டம் முடிஞ்சுபோச்சு, வேற ஆளா இருந்தா மெடலைத் துடைச்சுட்டே உக்காந்திருப்பாங்க, இவரு பேப்பர்ல தடகளம் பத்தி எழுத ஆரம்பிச்சு பிபிசி மைக் வரைக்கும் போயிட்டாரு. 1936 பெர்லின் ஒலிம்பிக்ல நண்பர், நியூசிலாந்து ஓட்டக்காரர் ஜேக் லவ்லாக் 1500 மீட்டர் ஜெயிக்கப்போறாருன்னதும் கமெண்டரியையே மறந்து கத்திட்டாரு (தொழில்ல தப்புதான், எனக்கு அதான் பிடிக்கும்).

ஐயா, நான் "ஆபிரகாம்ஸ்"னு சொன்னதும் ரெண்டு விரலால ஓடிக் காட்டினீங்களே, ஸ்டேடியத்தை விட அதான் இன்னும் கண்ணுல நிக்குது.