பிணை மறுக்கப்படும் வழக்குகளில் அரசின் கையிலிருக்கும் பொறுப்பு

உள்துறை, மதுவிலக்கு மற்றும் ஆயத்தீர்வைத் துறைச் செயலாளர் அவர்களுக்கு,

வணக்கம். கொடைக்கானல் மலையில் கஞ்சாவும் போதைக் காளானும் விற்பவர்கள்மீது இரக்கம் கோரி இம்மடலை எழுதவில்லை. கொடைக்கானலை அடுத்த வட்டக்கானலுக்கு வரும் இளைஞர்களை நம்பி நடக்கும் இவ்வியாபாரத்தில் உள்ளூர்ப் பிள்ளைகளும் இழுக்கப்படுவதைக் கண்டுவரும் எங்களுக்கு, கடும் நடவடிக்கை வேண்டும் என்பதில் மாற்றுக் கருத்தில்லை. பிடிபட்டவர்களின் பிணை எவ்வாறு தீர்மானிக்கப்படுகிறது என்பது குறித்தே எழுதுகிறேன்.

1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டத்தில் 1989இல் மாற்றியமைக்கப்பட்ட 37ஆம் பிரிவு, பிடிபட்ட பொருள் ‘வணிக அளவு’ என்று குறிக்கப்பட்ட எடையைத் தாண்டும் வழக்குகளில் அரசு வழக்கறிஞர் எதிர்த்தால், குற்றம் சாட்டப்பட்டவர் குற்றமற்றவர் என்று நம்ப நியாயமான காரணம் உண்டு என்றும், வெளியே வந்தால் மீண்டும் குற்றம் செய்யமாட்டார் என்றும் நீதிமன்றம் கருதினால் மட்டுமே பிணை தரலாம் என்கிறது. சாட்சிகள் கூண்டேறும் முன்பே குற்றமற்றவர் என்று காட்டவேண்டிய நிலை இது. பயணியின் பையில் என்ன இருந்தது என்று அறியாத ஜீப் ஓட்டுநருக்கும், அறிந்தே ஏற்றிவந்தவருக்கும் இந்தக் கட்டத்தில் வேறுபாடு காட்டுவது எளிதன்று. பொருள் கைவசம் இருந்தால் குற்றம் செய்ததாக அனுமானிக்க 54ஆம் பிரிவு வேறு இடமளிக்கிறது.

ஆகவே எல்லாம் எடையில் வந்து நிற்கிறது. கஞ்சாவுக்கு 20 கிலோவைத் தாண்டினால் வணிக அளவு. சட்டத்தின் வரையறைப்படி கஞ்சா என்பது செடியின் பூக்கும் அல்லது காய்க்கும் நுனிப் பகுதி. நுனியோடு சேராத இலையும் விதையும் அதில் அடங்கா. இலை, தண்டு, ஈரம், சாக்கு எல்லாவற்றையும் சேர்த்து எடைபோட்டு, பறிமுதல் பதிவான மகஜரில் 21 கிலோ என்று எழுதினால், அந்த ஒரு கிலோவில் ஒருவருடைய பல ஆண்டுகள் அடங்கிவிடுகின்றன. காளான் வழக்கு இன்னும் சிக்கலானது. அதிலுள்ள சைலோசைபின் என்ற வேதிப்பொருளுக்கு வணிக அளவு 50 கிராம். காளானை முழுதாக நிறுத்தால் சில கைப்பிடிகளே அந்த எல்லையைத் தொட்டுவிடும். கலவையில் உள்ள போதையற்ற பொருளின் எடையையும் சேர்க்கவேண்டும் என்று 2020இல் உச்ச நீதிமன்றம் ஹீரா சிங் வழக்கில் கூறியது. ஆனால் காளான் இயற்கையான பூஞ்சை, அது கலவை ஆகாது என்று 2025 ஜனவரியில் கேரள உயர் நீதிமன்றம் கூறியது. இந்த நிலையில், ‘சைலோசைபின் உள்ளது’ என்று மட்டும் சொல்லும் ஆய்வறிக்கையால் யாருக்கும் பயனில்லை. எவ்வளவு உள்ளது என்பதையும் அது சொல்லவேண்டும்.

37ஆம் பிரிவு ஒன்றிய அரசின் சட்டம், அதைத் திருத்துவது தங்கள் கையில் இல்லை என்பதை அறிவேன். ஆனால் காவல்துறையும், தடய அறிவியல் ஆய்வகமும், அரசு வழக்கறிஞர்களும் மாநில அரசுக்கு உட்பட்டவர்கள். 2023இல் முகமது முஸ்லிம் வழக்கில், ஏழு ஆண்டுகளுக்கு மேல் சிறையிலிருந்த ஒருவருக்குப் பிணை அளித்த உச்ச நீதிமன்றம், விசாரணை அளவுக்கு மீறி நீளும்போது 37ஆம் பிரிவு தடையாகாது என்றது. நீதிமன்றம் அவ்வளவு தூரம் போகவேண்டிய நிலை வராமல் பார்த்துக்கொள்வதே நிர்வாகத்தின் வேலை என்பது என் கருத்து.

எனவே, பறிமுதலை ஒலி-ஒளிப் பதிவு செய்யவேண்டும் என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 105ஆம் பிரிவு மலைக் கிராமங்களிலும் தவறாமல் பின்பற்றப்படவேண்டும். எடைபோடும் காட்சியும் பூநுனியைப் பிரித்தெடுப்பதும் அதில் தெரியவேண்டும். போதைப்பொருள் சட்டத்தின் 52ஏ பிரிவின்படி நீதித்துறை நடுவர் முன்னிலையில் மாதிரி எடுக்கத் தாமதம் கூடாது. ஆய்வறிக்கை, குற்றப்பத்திரிகைக்கான 180 நாள் கெடுவுக்குள் வந்துசேரவேண்டும். அது வராததையே காரணமாகக் காட்டி அரசு வழக்கறிஞர் கெடுவை ஓராண்டுவரை நீட்டிக்கக் கேட்பது நியாயமாகாது. இடமாற்றம் பெற்ற ஆய்வாளர் சாட்சி சொல்ல வராததால் வாய்தா தள்ளிப்போனால், அதற்கு அவருடைய மேலதிகாரி எழுத்தில் விளக்கம் தரவேண்டும். பிணை மனுவை எதிர்க்கும் அரசு வழக்கறிஞரும் எல்லா வழக்குக்கும் ஒரே வாசகத்தைப் படிக்காமல், ஓட்டுநர் அறிந்தே ஏற்றினார் என்பதற்குத் தம்மிடம் என்ன ஆதாரம் உண்டு என்று சொல்லட்டும். இல்லையென்றால் எதிர்க்காமலிருக்க அவருக்குத் தங்கள் துறை எழுத்துமூலம் அனுமதி தரட்டும்.

இப்படிக்கு,
பழனிமலைவாசி ஒருவர்,
கொடைக்கானல்.