மார்வே ஃப்ளெக்ஸ்னெஸாக வாழ்ந்தவருக்கு

அன்புள்ள ரோல்வ் வெசென்லுன்ட் அவர்களுக்கு,

நீங்கள் மறைந்தது 2013 ஆகஸ்டில். இந்தக் கடிதம் உங்களிடம் வந்து சேராது என்று தெரிந்தேதான் எழுதுகிறேன். நார்வே தொலைக்காட்சியின் நகைச்சுவைத் தொடரில் நீங்கள் நடித்த பாத்திரமான மார்வே ஃப்ளெக்ஸ்னெஸ் என்றாலே நார்வேக்காரர்களுக்கு உங்கள் முகம்தான் நினைவுக்கு வரும். "அது இங்கிலாந்துச் சரக்குதானே" என்று யாராவது அந்தப் பாத்திரத்தை லேசாக ஒதுக்கினால் எனக்கு மனசு ஆறுவதில்லை.

கதைகள் அங்கிருந்து வந்தவைதான். பெரும்பாலானவை இங்கிலாந்து எழுத்தாளர்கள் ரே கால்டனும் ஆலன் சிம்ப்சனும் அந்நாட்டு நகைச்சுவை நடிகர் டோனி ஹான்காக்குக்காக எழுதியவை. ரத்தம் கொடுக்கப் போகிற ஆள், பரிசோதனைக்காக விரலில் ஒரு சொட்டு எடுத்ததுமே தன் கடமை முடிந்துவிட்டதாக நினைத்துக் கிளம்பப் பார்க்கிற கதையை ஹான்காக் 1961இல் நடித்தார். 1972இல் தொடங்கிய உங்கள் தொடரிலும் அந்தக் கதை உண்டு. ஸ்வீடன்காரரான பூ ஹெர்மன்சன் இயக்கினார். வசனத்தை வாங்கலாம், மொழிபெயர்க்கலாம். எந்த இடத்தில் ஒரு கணம் நிறுத்தினால் கூடம் சிரிக்கும் என்பதை யாரிடமும் வாங்க முடியாது. அது உங்களிடம் இருந்தது. கிளாரினெட்டும் சாக்ஸபோனும் வாசித்த ஜாஸ் கலைஞர் நீங்கள். தாளம் உங்களுக்குள் ஏற்கெனவே ஊறியிருந்தது என்றுதான் நான் நம்புகிறேன்.

ஃப்ளெக்ஸ்னெஸ் சுயநலக்காரன், ஜம்பம் அடிப்பவன், எல்லாம் தெரிந்தவன் போலப் பேசுபவன். இப்படி ஒருவனை நடிப்பவர்கள் பெரும்பாலும் மேலிருந்து பார்த்து நக்கல் செய்வார்கள். நீங்கள் அவன் பக்கமே நின்றீர்கள். அவன் சொல்வதெல்லாம் நியாயம் என்று முழுமனதாக நம்பி நடித்தீர்கள். அம்மாவாக வந்த ஔட் ஷூனெமன் எதிரில் நிற்கும்போது அந்தப் பெரிய மனிதத் தோரணை அப்படியே கரைந்து, உள்ளே இருக்கும் பையன் வெளியே வந்துவிடுவான். அந்தக் காட்சிகள்தான் எனக்கு மிகவும் பிடித்தவை.

அந்தத் தொடருக்கு முன்பே நகைச்சுவை நடிகர் ஹாரால்ட் ஹெய்டெ-ஸ்டேன் ஜூனியரோடு சேர்ந்து 'வெசென்ஸ்டேன்' ஜோடியாக நீங்கள் பெயர் வாங்கியாகிவிட்டது. 1960களின் கடைசியில் நார்வே தொலைக்காட்சியில் நீங்கள் இருவரும் செய்த வேலையைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும்.

அப்புறம் ஹான்காக். 1961இலேயே அவர் தன் எழுத்தாளர்களைப் பிரிந்தார். 1968இல், வெறும் 44 வயதில், சிட்னியில் இறந்துபோனார். அவருடைய கதைகளை வைத்து நீங்கள் தொடங்கிய தொடர் 1988 வரை வந்தது. 2002இல் மறுபடியும் ஃப்ளெக்ஸ்னெஸாகத் திரும்பினீர்கள். 1936இல் நார்வேயின் ஹூர்டன் நகரத்தில் பிறந்த உங்களுக்கு அப்போது வயது அறுபத்தைந்தைத் தாண்டியிருந்தது. ஒரே பாத்திரம் தன்னை விழுங்கிவிடும் என்று நடிகர்கள் பயப்படுவது எனக்குப் புரிகிறது. நீங்கள் அவனைக் கைவிடவில்லை. அதற்கு நன்றி சொல்லத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

அன்புடன்,
உங்கள் ரசிகர் ஒருவர்