கயிறு பிடிக்கிறவன்

ஜெலுத்தோங், பினாங்கு

அன்பு மகள் கவிக்கு,

நலம்தானே? அம்மாவுக்கு முட்டிவலி பரவாயில்லை, நீ வாங்கிக் கொடுத்த தைலத்தைத்தான் தடவுகிறாள். தீபாவளி கழிந்து மூன்று மாதம் ஆகிறது. வாட்சாப்பில் நீல டிக் விழுகிறது, பதில்தான் வரவில்லை. சேம்பரிங் என்கிற வக்கீல் பயிற்சி முடித்துத் தனியாகக் கேஸ் நடத்துகிற பிள்ளைக்கு நேரம் எங்கே இருக்கும் என்று அம்மாவிடம் நான்தான் சமாளித்துக்கொண்டிருக்கிறேன்.

அன்றைக்கு முறுக்குத் தட்டை நடுவில் வைத்துக்கொண்டு, "அப்பா, நாய் தப்பாக் காட்டுமா?" என்று கேட்டாய். "காட்டாது" என்று சொல்லிவிட்டு எழுந்து போனேன். பிறகு உன் கேஸில் வருகிற மோப்ப நாயைப் பற்றி, மோப்ப நாயின் கயிறு பிடித்த என்னிடம் நீ கேட்டு அனுப்பிய பன்னிரண்டு கேள்விகளையும் தம்பி அச்செடுத்து மேசைமேல் வைத்தான். மூன்று மாதமாக அங்கேதான் கிடக்கிறது. இப்போது எழுதுகிறேன். உன் வரிசைப்படி வராது.

முதலில் இதை வைத்துக்கொள். நாயைப் பிடித்து நடத்துகிற ஹேண்ட்லர் சாட்சிக் கூண்டில் ஏறினால் நாயின் வயசு, சான்றிதழ், எத்தனை கேஸில் பிடித்துக் கொடுத்தது என்பதையெல்லாம் அரசுத் தரப்பு வக்கீலான டிபிபியே கேட்டு வாங்கிக்கொள்வார். நீ கேட்க வேண்டியது வேறு. கயிற்றைக் கையில் எடுத்தபோது யார்மேல் சந்தேகம் என்று அவருக்குத் தெரிந்திருந்ததா? தெரியும் என்றால், எப்போது, யார் சொல்லி? அந்தப் பதிலை வாங்காமல் அடுத்த கேள்விக்குப் போகாதே.

பாட்டி கதையில் ராட்சசன் வாசலில் நின்று "நரவாடை அடிக்குதே" என்பானே, அந்த வாடை என்ன சரக்கு என்று கேட்டிருக்கிறாய். அது ஒரே பொருள் இல்லை. மேல்தோல் செத்துச் செதிலாக உதிர்ந்துகொண்டே இருக்கிறது, நிமிஷத்துக்கு முப்பது நாற்பதாயிரம் செதில் என்று கணக்குச் சொல்வார்கள். அதோடு வியர்வை, எண்ணெய்ப்பசை, கிருமி எல்லாம் ஒட்டிக்கொண்டு போகும். அப்போதுதான் சுரந்த வியர்வையில் அநேகமாக வாடையே இருக்காது. கிருமி அதை உடைத்த பிறகுதான் ஆவியாகிற அமிலமும் ஆல்டிஹைடு, கீட்டோன் என்கிற ரசாயனங்களும் கிளம்பும். உள்ளங்கையில் எண்ணெய்ச் சுரப்பி கிடையாது, அக்குளில் இருக்கிற சுரப்பியும் கிடையாது, வெறும் வியர்வைச் சுரப்பிதான். கத்திப்பிடியில் பிசுக்கு இருந்தால் பெரும்பாலும் அது முகத்தையோ தலையையோ தொட்ட கை.

ஆய்வாளர்கள் இதை மூன்றாகப் பிரிக்கிறார்கள். உடம்போடு பிறந்தது முதல் வகை, காலம் போனாலும் மாறாதது. சாப்பாட்டாலும் இருக்கிற இடத்தாலும் வருவது இரண்டாவது: பெத்தாய்க் கொட்டை, பெலாச்சான் என்கிற இறால் விழுது எல்லாம் இதில் சேரும். வெளியிலிருந்து பூசிக்கொண்டது மூன்றாவது, சோப்பு, சென்ட், விபூதி மாதிரி. நாய் முதல் வகையைத்தான் பிடிக்கிறது என்பது நம்பிக்கை. அதற்கு நல்ல ஆதாரமும் உண்டு. செக் நாட்டில் போலீஸ் நாய்களை வைத்து நடத்தி 2011-ல் வெளியிட்ட சோதனையில், ஒரே வீட்டில் ஒரே சாப்பாடு சாப்பிட்ட ஒரே கரு இரட்டையரைக்கூட அவை பிரித்துக் காட்டின. நாயின் மூக்கைப் பற்றிச் சந்தேகம் கிளப்பி வாதாடாதே. அங்கே தோற்றுப்போவாய்.

சந்தேகம் கிளப்ப வேண்டிய இடம் தடம். மோப்ப நாய் ஓடுவதில் இரண்டு விதம் உண்டு. ஒன்று, மூக்கைத் தரையில் வைத்துக் காலடி காலடியாகப் போவது. மிதிபட்ட புல், கிளறிய மண், நசுங்கிய புழு, இந்த வாடைகளும் அதில் கலந்திருக்கும். ஆளின் துணியையோ செருப்பையோ முதலில் முகரக் கொடுக்காமல் விட்டால், நாய் எது புதுத் தடமோ அதன் பின்னால் போகும். அது திருடனுடையதாகவும் இருக்கலாம், பேப்பர் போடுகிற பையனுடையதாகவும் இருக்கலாம். இன்னொன்று, தலையைத் தூக்கிக் காற்றில் வருகிற செதில் வாடையைத் தொடர்வது. உன் கேஸில் எது நடந்தது என்று ரிப்போர்ட்டில் எழுதியிருக்கிறதா பார். எழுதாவிட்டால் அதுவே ஒரு கேள்வி.

நம் ஊரில் செதில் எங்கே போய்ச் சேரும் தெரியுமா? லோங்காங் என்கிற சாக்கடையில். நடந்தவன் ரோட்டு நடுவில் போயிருப்பான், வாடை காற்றில் ஒதுங்கிக் கான்கிரீட் கால்வாயில் நிழலும் ஈரமுமாகத் தங்கிவிடும். நாய் கால்வாய் ஓரமாகவே போகும். வரிசை வீடுகளின் பின்சந்திலும் அப்படித்தான், சுவர் மூலையில் வாடை குளம் மாதிரித் தேங்கும். அந்தத் தேக்கத்தில் நாய் நின்று சுற்றினால் "இந்த வீட்டைக் காட்டியது" என்று எழுதிவிடுவார்கள். நிற்பது வேறு, காட்டுவது வேறு. பழக்கிய நாய் காட்டினால் உட்காரும் அல்லது படுக்கும். எதற்குப் பழக்கினார்கள் என்று கேட்டு எழுதி வாங்கு. நேரமும் முக்கியம். பிற்பகல் ஒரு மணிக்குத் தார் ரோடு கொதிக்கும், லேசான வாடையெல்லாம் ஆவியாகிப் போய்விடும். விடியலும் பொழுது சாய்ந்த பிறகும்தான் நல்ல நேரம். தூறல் கெடுக்காது, சில சமயம் ஈரம் உதவியும் செய்யும். கொட்டுகிற மழை கழுவிவிடும். வானிலை நிலையத்தில் அன்றைய மழைக் கணக்கைக் கேட்டு வாங்கு. சுலபமான வேலை, யாரும் செய்வதில்லை.

வாடையைத் துணியில் எடுக்கிற விஷயம். ஒவ்வொரு பொருளுக்கும் புதுக் கையுறை, இடுக்கி, காயத்துக்குக் கட்டுகிற, பொட்டலம் பிரிக்காத காஸ் துணி. காரின் ஸ்டியரிங் என்றால் துணியை அதன்மேல் போட்டு அலுமினியத் தாளால் மூடி அரை மணியாவது விட வேண்டும். பிறகு கண்ணாடி ஜாடி, இறுகிய மூடி. ஜிப் போட்ட பிளாஸ்டிக் பையில் போட்டிருந்தால் விடாதே, பிளாஸ்டிக்கின் வாடை துணிக்கு ஏறும், துணியின் வாடையும் கசியும். அதே பொட்டலத்திலிருந்து ஒரு துணியை எதிலும் படாமல் தனி ஜாடியில் வைத்தார்களா? அது இல்லையென்றால், நாய் பிடித்தது ஆளின் வாடையையா, துணி எடுத்தவரின் வாடையையா என்று யாரால் சொல்ல முடியும்? பலர் தொட்ட பொருள் என்றால் அதற்கும் வழி இருக்கிறது. தொட்டவர்களை எல்லாம் வரிசையாக நிறுத்தி நாயை முகரவிட்டுப் பிறகு அனுப்புவார்கள். அங்கே நிற்காதவன் யாரோ அவனைத் தேடிப் போகும். கெட்டிக்கார முறை, ஆனால் தொட்ட ஒருத்தரை நிறுத்த மறந்தால் மொத்தமும் பாழ்.

லேப் முறையையும் கேட்டிருந்தாய். மயாமியில் ஃபுளோரிடா இன்டர்நேஷனல் பல்கலைக்கழகத்தில் செய்வதுதான் எனக்குத் தெரிந்ததில் ஒழுங்கானது. ஆலிவ் எண்ணெய் சோப்பால் முப்பது விநாடி கை கழுவ வேண்டும், இரண்டு நிமிஷம் தண்ணீரில் அலச வேண்டும், இரண்டு நிமிஷம் காற்றில் உலரவிட வேண்டும். பிறகு ஐந்து நிமிஷம் உள்ளங்கையை முன்கையில் தேய்த்து, சுத்தம் செய்த துணியைப் பத்து நிமிஷம் இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் பிடிப்பார்கள். அந்தத் துணி சின்னக் கண்ணாடிக் குப்பிக்குள் போகும். பூச்சுப் பூசிய மயிரிழை போன்ற ஒன்றை உள்ளே விட்டால், எழுகிற ஆவியை அது உறிஞ்சிக்கொள்ளும். அதை வாயு குரோமட்டோகிராப் என்கிற கருவியில் சூடாக்கிப் பிரித்து, மாஸ் ஸ்பெக்ட்ரோமீட்டர் என்கிற இன்னொரு கருவியில் ஒவ்வொன்றும் என்னவென்று பார்ப்பார்கள். 2023-ல் முப்பது ஆண், முப்பது பெண் கைகளை இப்படிப் பார்த்து, ஆணா பெண்ணா என்று 96.67 சதவீதம் சரியாகச் சொன்னார்கள். நல்ல வேலைதான். ஆனால் அது ஆணா பெண்ணா என்கிற கேள்வி, அதுவும் அறுபது பேரில், கை கழுவி வந்தவர்களிடம். இன்னார்தான் என்று சொல்வதற்கு இன்னும் ரொம்ப தூரம் இருக்கிறது. யாராவது இதை டிஎன்ஏ மாதிரி என்று சொன்னால் எழுந்து நில்.

சாப்பிடுகிறாயா? தம்பி உன் படத்தைக் காட்டினான், கன்னம் ஒட்டிப்போயிருக்கிறது. பசியாறாமல் கோர்ட்டுக்குப் போகாதே.

பலருடைய வாடையை வரிசையாக வைத்து ஆளைக் காட்டச் சொல்கிற மோப்ப வரிசையில் நடந்த தப்பைத்தான் நீ ஊன்றிப் படிக்க வேண்டும். ஹாலந்தில் சுத்தமான எஃகுக் குழாய்களைப் பிடிக்கக் கொடுத்து, சந்தேக ஆளுடைய குழாயோடு சம்பந்தமில்லாத ஆறு பேருடையதையும் வைத்து நாயை விடுவது அப்போது வழக்கமாக இருந்தது. விதி தெளிவாக இருந்தது: எந்த இடத்தில் எந்தக் குழாய் என்று ஹேண்ட்லருக்குத் தெரியக்கூடாது. 1997 முதல் 2006 வரை வடக்கிலும் கிழக்கிலும் அவர்களுக்குத் தெரிந்தே நடந்தது என்று பின்னால் வெளியே வந்தது. டெக்சஸில் 2010-ல் குற்றவியல் மேல்முறையீட்டு நீதிமன்றம், நாய் வரிசை ஒன்றை மட்டும் வைத்துத் தண்டிக்க முடியாது என்று சொல்லிவிட்டது.

இன்னொன்று, கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகம் 2011-ல் வெளியிட்டது. போதைப்பொருள், வெடிமருந்து தேடுகிற, நாயும் ஹேண்ட்லருமாகப் பதினெட்டு ஜோடிகள். கட்டடத்தில் ஒன்றுமே வைக்கவில்லை. ஆனால் சில இடங்களில் ஒட்டிய சிவப்புத் தாள் பொருள் இருக்கிற இடத்தைக் காட்டும் என்று ஹேண்ட்லர்களிடம் சொல்லி அனுப்பினார்கள். 144 தேடலில் ஒன்றும் காட்டாமல் வெளியே வந்தது 21 மட்டும். நாய்க்கா சிவப்புத் தாள் தெரியும்?

கயிறு பத்து மீட்டர். ஹார்னஸில் மாட்டிய கயிறு நாயின் முதுகு வழியாக உன் கைக்கு வருகிறது, நாய் இழுப்பது உனக்குத் தெரிகிற மாதிரி நீ தயங்குவதும் நாய்க்குத் தெரியும். முச்சந்தியில் நாய் வட்டமடிக்கும்போது ஹேண்ட்லர் மரம் மாதிரி நிற்க வேண்டும், கயிற்றைத் தளரவிட வேண்டும். தோள் திரும்பக் கூடாது. பாதம் எந்தப் பக்கம் பார்க்கிறதோ அதைக்கூட நாய் படித்துவிடும். நேராகப் போகும்போது கயிறு கொஞ்சம் இறுகி, இடப்பக்கம் போகும்போது தளர்ந்தால் போதும், நாய் இடப்பக்கம்தான் போகும். அது பொய் சொல்லவில்லை, உனக்கு வேண்டியதைக் கொடுக்கிறது.

கவி, கூடத்தில் மாட்டியிருக்கிற படத்தில் என் நாய் சீசர் உட்கார்ந்திருக்கிறானே, அவன் அந்த ராத்திரி முச்சந்தியில் நேராகத்தான் போகப் பார்த்தான். கடையை உடைத்தது மூன்றாவது வரிசை வீட்டுப் பையனாகத்தான் இருக்கும் என்று வண்டியில் வரும்போதே என்னிடம் சொல்லிவிட்டார்கள். எனக்கும் அவன்மேல் அப்படித்தான் தோன்றியது. நான் கயிற்றை இழுக்கவில்லை. விடவும் இல்லை. சீசர் திரும்பிப் பார்த்தான், என் பாதம் எங்கே இருந்தது என்று எனக்குத் தெரியும். சரசக்கா வீட்டு வாசலில் போய் உட்கார்ந்தான், நான் கறித்துண்டு கொடுத்தேன். அந்தப் பையன் முருகேசை ஏழு நாள் உள்ளே வைத்தார்கள். ஐந்து மாதம் கழித்து, பிறையில் வேறொருத்தன் சாமானோடு பிடிபட்டான். யாரும் என்னை ஒன்றும் கேட்கவில்லை. "நாய் தானாகவே இடப்பக்கம் திரும்பியது" என்று நோட்டில் எழுதியிருந்தேன், அது அப்படியே இருந்துவிட்டது. முருகேசு சிங்கப்பூருக்கு லோரி ஓட்டப் போனவன் பிறகு இந்தப் பக்கம் வரவேயில்லை.

சரசக்கா நம் வீட்டுக்கு வராதது கூட்டுச் சீட்டுப் பணத்தால்தான் என்று அம்மா இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறாள். நானும் மறுக்கவில்லை. நீ எங்கேயோ கேள்விப்பட்டுவிட்டுத்தான் அன்றைக்குக் கேட்டாயா, கேஸுக்காகக் கேட்டாயா என்று இந்த மூன்று மாதமாக யோசிக்கிறேன். எதுவானாலும் "காட்டாது" என்று நான் சொன்னது பதில் இல்லை.

நோட்டைத் தனியாகத் தபாலில் அனுப்புகிறேன். பக்கம் மடித்து வைத்திருக்கிறேன். உன் கேஸுக்கு அது உதவாது, ஆனால் ஒரு ஹேண்ட்லர் எப்படி எழுதுவான் என்று தெரியும். "தானாகவே" என்று எங்கேயாவது எழுதியிருந்தால் அந்த வரியில் நின்றுகொள். ஹேண்ட்லருக்கு முன்கூட்டியே தெரியுமா என்று கேள். முதலில் அதைக் கேள்.

தைப்பூசத்துக்குச் சரசக்கா தண்ணீர்மலைக்குப் பால்குடம் எடுக்கிறார்களாம். போன வாரம் மூன்றாவது வரிசைக்குப் புறப்பட்டு, முச்சந்தி வரைக்கும் போய்விட்டுத் திரும்பிவிட்டேன். நீ வந்தால் சேர்ந்து போகலாம். ரயிலில் வந்தால் பட்டர்வொர்த் ஸ்டேஷனில் நிற்கிறேன், எந்த நேரமானாலும்.

அப்பா