செயலாளரின் ஆண்டறிக்கை: 2024

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, நிர்வாகக் குழுவினரே, தோட்டத்துப் பெரியோர்களே, அன்புள்ள உறுப்பினர்களே, எல்லோருக்கும் வணக்கம்.

மாதாந்தக் கூட்டங்கள் தவறாமல் நடந்தன. வாசிகசாலைக் கூரையின் ஒழுக்கு சிரமதானத்தில் அடைக்கப்பட்டது. மாசியில் காமன் கூத்துக்குக் கம்பம் நட்டது முதல் ரதியின் ஒப்பாரி வரை நம் இளைஞர்கள் முன்னின்றார்கள். இவற்றைச் சுருக்கமாகச் சொல்லி முடிப்பதற்குக் காரணம் உண்டு. இந்த ஆண்டு மன்றத்தின் மனமெல்லாம் ‘எழாநாடு’ நாடகத்தில்தான் இருந்தது.

எழாநாடு நம் சிறுவர் வட்டம் கற்பனையில் கட்டிய நாடு. அங்கே சூரியன் மலைக்குப் பின்னால் போய்த் திரும்பவில்லை. பிறக்கும் ஒவ்வொரு குழந்தைக்கும் ஓர் அகல் கொடுப்பார்கள். அதை அந்தக் குழந்தையே ஏற்றக் கூடாது, இன்னொருவர்தான் ஏற்றித் தர வேண்டும். அந்தச் சடங்குக்குப் பிள்ளைகள் வைத்த பெயர் திரிகொடை. ஏற்ற வருபவர் “இது யாருக்கு?” என்று கேட்பார். விளக்கை ஏந்தி நிற்பவர், வழியில் விடுபட்டுப் போன ஒருவரின் பெயரைச் சொல்ல வேண்டும். பெயர் சொல்லாத விளக்கில் சுடர் நிற்காது என்பது அந்த நாட்டு நம்பிக்கை.

இந்தக் கேள்வியைப் பிள்ளைகளுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. நம் முன்னோர் தோட்ட வேலைக்காக இந்தியாவிலிருந்து இலங்கை மலையகத்துக்கு வந்த இருநூறு ஆண்டை நினைவுகூர்ந்து, 2023இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்த நடைபயணத்தைப் பற்றி வாசிகசாலையில் பேசியிருந்தோம். கோப்பித் தோட்டத்துக்கு வந்தவர்கள் காட்டுவழியில் காய்ச்சலிலும் பேதியிலும் விழுந்ததையும் சொன்னோம். அவர்களில் பெரும்பாலோருக்குக் கல்லறையும் இல்லை, பெயரும் இல்லை. அதைக் கேட்டிருந்த பிள்ளைகள் பெயர் கேட்கும் ஒரு விளக்கை உண்டாக்கினார்கள்.

ஒத்திகையில் நடந்த ஒன்றை விரிவாகப் பதிய விரும்புகிறேன். முதல் இரவு விளக்குகளில் தேங்காய் எண்ணெய் ஊற்றியிருந்தோம். குளிரில் அது உறைந்து வெண்ணெய்போல் ஆகிவிட்டது. சுமார் 24 பாகைக்குக் கீழே தேங்காய் எண்ணெய் இறுகிவிடும். கார்த்திகை மாத இரவில் நம் மலையில் அந்தச் சூடு ஏது? திரி எண்ணெயை உறிஞ்சவில்லை, விளக்குகள் ஒவ்வொன்றாக அணைந்தன. நல்லெண்ணெய் வாங்கலாம், அது இந்தக் குளிருக்கு உறையாது என்று நான் சொன்னேன். ஐந்தாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி ஒப்புக்கொள்ளவில்லை. அகலை இரு உள்ளங்கையிலும் பொத்தி வைத்துக்கொண்டாள். கொஞ்ச நேரத்தில் ஓரம் இளகியது, பிறகு நடுவும் இளகியது. “எழாநாட்டுல இப்படித்தான் சேர். கையில வச்சிருந்தாத்தான் எண்ணெய் உருகும்” என்றாள். அன்று முதல் அது திரிகொடையின் முதல் விதி. நல்லெண்ணெய் வாங்கும் யோசனையை நானே மீளப் பெற்றுக்கொண்டேன்.

தப்பு மேளமும் அப்படியே. பனியில் தோல் தொய்ந்துவிடும், தீயில் காய்ச்சினால்தான் சத்தம் எழும். நாடகத்தில் தப்பைத் தீயில் காய்ச்சுவதை மேடைக்குப் பின்னால் மறைக்காமல் எல்லோரும் பார்க்கச் செய்தோம். இருளில் முதலில் எரிந்த தீ அதுதான்.

கடைசி விளக்கைப் பற்றி நிர்வாகக் குழுவில் நீண்ட விவாதம் நடந்தது. கதைப்படி அதில் எண்ணெயும் திரியும் இருக்கும், ஆனால் ஏற்றமாட்டார்கள். இன்னும் வந்து சேராதவருக்காக வழிமுனையில் வைப்பார்கள். விளக்கை ஏற்றாமல் விடுவது நல்லதல்ல என்று பெரியவர்கள் சிலர் வருந்தினார்கள். அவர்கள் வருத்தம் நியாயமானது. முடிவில் மூத்த அம்மா ஒருவர், “எண்ணெய் ஊத்தித் திரி போட்டாச்சுல்ல தம்பி? அப்ப அது அணஞ்ச வெளக்கு இல்ல, காத்துக்கிட்டிருக்கிற வெளக்கு” என்றார். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

மண்டபம் கேட்டோம், கிடைக்கவில்லை. டிசம்பர் 13 கார்த்திகை தீபம். கோயிலிலும் லயக் குடியிருப்புகளிலும் விளக்கு வைத்த மறுநாள், பௌர்ணமி இரவில், தேயிலைக் கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் நாடகம் நடந்தது. சிவனொளிபாதமலை யாத்திரைப் பருவகாலமும் அன்றுதான் தொடங்கியது. நாடகம் பாதி நடக்கும்போது மூட்டம் சற்று விலகி, மலைப்பாதையின் விளக்கு வரிசை தூரத்தில் தெரிந்தது. பிள்ளைகள் வசனத்தை மறந்து அதையே பார்த்தபடி நின்றார்கள். யாரும் அவர்களை அவசரப்படுத்தவில்லை.

அதன்பின் திட்டமிடாத ஒன்று நடந்தது. நடிக்கும் பிள்ளைகள் “இது யாருக்கு?” என்று கேட்டபோது, பார்வையாளர் பக்கமிருந்து பெயர்கள் வந்தன. 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்குக் கப்பலேறிப் பிறகு கடிதமே போடாத அண்ணனின் பெயரை ஒருவர் சொன்னார். மண்சரிவில் போன மகளின் பெயரை ஒரு தாய் சொன்னார். பெயர் தெரியாததால் “எங்க பாட்டனோட தங்கச்சி” என்று மட்டும் சொன்னவரும் உண்டு. வைத்திருந்த விளக்குகள் போதவில்லை.

திரிகொடையை இனிக் கோயில் திருவிழாவோடு சேர்க்கலாம் என்று சில உறுப்பினர்கள் எழுத்தில் கேட்டிருக்கிறார்கள். செயலாளர் என்ற வகையில் நான் அதை ஆதரிக்கவில்லை. கோயிலுக்குக் கார்த்திகை இருக்கிறது, அதற்கென முறை இருக்கிறது. எழாநாடு பிள்ளைகளின் நாடு. அதன் விதிகளை அவர்களே மாற்றவும் கூட்டவும் வேண்டும். இவ்வாண்டு இரண்டு புதிய விதிகளை இப்போதே எழுதிக்கொண்டிருக்கிறார்கள். இன்றைய பொதுக்கூட்டம் இதுபற்றி முடிவெடுக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

உடைந்த அகல்களுக்குப் பதில் புதியவை வேண்டும். வீட்டில் பழைய அகல் வைத்திருப்பவர்கள் வாசிகசாலையில் ஒப்படைக்கலாம், கீறல் இருந்தாலும் பரவாயில்லை. சொல்லப்பட்ட பெயர்களை ஒரு கொப்பியில் எழுதி அலுமாரியில் வைத்திருக்கிறோம். விடுபட்ட பெயர்களைச் சேர்க்க விரும்புவோர் ஞாயிற்றுக்கிழமைகளில் வரலாம்.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் அடுத்துச் சமர்ப்பிப்பார்.

செயலாளர்