மணல் லாரி பறிமுதல் ஆவது எப்போது?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

"மணல் கடத்திய டிப்பர், பொக்லைன் பறிமுதல்" என்ற செய்தி தங்கள் நாளிதழின் மாவட்டப் பக்கத்தில் அடிக்கடி வருகிறது. கொள்ளிடக் கரையில் பயிர் செய்யும் எனக்கு அதைப் படித்ததும் நிம்மதி வரத்தான் செய்கிறது. ஆனால் அன்றிரவு நடந்தது, சட்டப்படி, வண்டியைக் கைப்பற்றியது மட்டுமே. பறிமுதல், அதாவது வண்டி உரிமையாளரிடமிருந்து நிரந்தரமாகப் பறிபோய் அரசைச் சேர்வது, அதற்குப் பிறகு நீதிமன்றத்தில் நடக்க வேண்டியது. பல நேரம் நடக்காமலே போவதும் அதுதான்.

1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள், கனிமங்கள் (மேம்பாடு, ஒழுங்குமுறை) சட்டத்தின் 21(4) பிரிவு, அனுமதியின்றிக் கனிமம் அள்ளவோ ஏற்றிச் செல்லவோ பயன்பட்ட கருவிகளையும் வாகனங்களையும் கைப்பற்றும் அதிகாரத்தை அதற்கென நியமிக்கப்பட்ட அலுவலருக்குத் தருகிறது. அவற்றைப் பறிமுதல் செய்ய 21(4ஏ) பிரிவின்படி நீதிமன்றம் உத்தரவிட வேண்டும். நீதிமன்றமோ, அரசு அதிகாரமளித்த ஒருவர் எழுத்து மூலம் புகார் தாக்கல் செய்தால்தான், 22ஆம் பிரிவின்படி, இச்சட்டத்தின் கீழ் வழக்கை ஏற்க முடியும். காவல் நிலையத்தில் முதல் தகவல் அறிக்கை பதிவாகி, லாரி பிடிபட்டு, ஓட்டுநர் சிறைக்குப் போயிருந்தாலும், அந்தப் புகார் போகாதவரை பறிமுதல் என்ற பேச்சுக்கே இடமில்லை.

இந்த இடைவெளியில் உரிமையாளர் வண்டியைத் திரும்பக் கேட்டு மனு போடுகிறார். கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையங்களில் ஆண்டுக்கணக்கில் கிடக்க விடாமல், படம் எடுத்து, பத்திரம் எழுதி வாங்கிக்கொண்டு விடுவிக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் கூறியது. அதில் நியாயம் இல்லாமல் இல்லை. எங்கள் பகுதிக் காவல் நிலையத்தின் பின்புறம் ஒரு டிப்பர் நிற்கிறது. சக்கரங்களில் காற்று இறங்கி, அள்ளி வந்த மணல் தொட்டியிலேயே கிடந்து, அதன்மேல் கோரை முளைத்திருக்கிறது. பக்கத்தில் நுகத்தடி முறிந்த இரண்டு மாட்டு வண்டிகள். ஆனால் ஆற்றில் இரவெல்லாம் அள்ளிய பொக்லைன் ஒன்றைக்கூட அங்கே நான் பார்த்ததில்லை.

அபராதத்தோடு விடுவதும் நடக்கிறது. 23ஏ பிரிவு, பணம் கட்டி வழக்கைச் சமரசமாக முடித்துக்கொள்ள வழி செய்கிறது. ஐந்தாண்டு வரை சிறையும் எக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதமும் சட்டத்தில் இருந்தாலும், பணத்தோடு முடிந்துவிடும் என்றால் மணல் வியாபாரி அதையும் செலவுக் கணக்கில் எழுதிவிட்டு மறுநாளே ஆற்றில் இறங்குவார். இயந்திரமே கைவிட்டுப் போகும் என்ற பயம்தான் அவரைத் தடுக்கக்கூடியது.

மணல் அள்ளியவர் மீது திருட்டு வழக்கும் தொடரலாம் என்று 2014இல் சஞ்சய் வழக்கிலும், கனிமச் சட்டப்படி சமரசம் செய்துகொண்டாலும் திருட்டு வழக்கு தொடரும் என்று 2020இல் ஜயந்த் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. அதனால் பணம் கட்டியாயிற்று என்ற காரணத்தைச் சொல்லிக் காவல் துறை கோப்பை மூட முடியாது.

2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் முக்கொம்பு மேலணையின் 9 மதகுகள் அடித்துச் செல்லப்பட்டபோது, மணல் அள்ளியதும் ஒரு காரணம் என்று எங்களைப் போன்ற விவசாயிகள் சொன்னோம். 2023 ஏப்ரலில், தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில் மணல் கடத்தல் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர், தம் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். உயிரைப் பணயம் வைத்து வண்டியைப் பிடிக்கும் கடைநிலை ஊழியருக்கு, மேலே உள்ளவர்கள் செய்யக் கூடிய குறைந்தபட்ச உதவி, 22ஆம் பிரிவுப் புகாரை உடனே தாக்கல் செய்வதுதான்.

கைப்பற்றிய ஒவ்வொரு வாகனத்துக்கும் புகார் எந்தத் தேதியில் தாக்கலானது, பறிமுதல் உத்தரவு வந்ததா, அல்லது எந்த நிபந்தனையில் விடுவிக்கப்பட்டது என்ற விவரத்தை மாவட்ட நிர்வாகம் மாதந்தோறும் வெளியிட வேண்டும். தங்கள் செய்தியாளர்களும், லாரி பிடிபட்ட செய்தியைப் போட்ட மூன்று மாதம் கழித்து, அந்த லாரி எங்கே நிற்கிறது என்று ஒருமுறை விசாரித்து எழுத வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
கொள்ளிடக் கரை விவசாயி ஒருவர்