சக்கைக் கதை வாசித்தேன் மக்களே

மக்களே,

நீ பலாச்சக்கையை வைத்து எழுதின பிள்ளைகள் கதைப் புத்தகம் வந்தது. கூரியர்காரன் அடுத்த வீட்டில் கொடுத்துவிட்டுப் போய்விட்டான். அவர்கள் பிரித்துப் பார்த்துவிட்டுத்தான் தந்தார்கள். "நம்ம சினிமா காமெடிப் பிள்ளையா எழுதியிருக்கு?" என்று கேட்டார்கள். ஆமா என்றேன். அப்பா அதை வடசேரிச் சந்தை வரைக்கும் கொண்டுபோய்க் காட்டிவிட்டு வந்தார். உன்னிடம் சொல்ல மாட்டார்.

ராத்திரி சாப்பிடாமல் கிடக்காதே. போனில் உன் குரல் ஒரு மாதிரி இருந்தது.

அப்பா கணக்குப் போட்டுப் பார்த்தார். விலை 80 ரூபாய், 1,000 பிரதி, ராயல்டி 10 சதவீதம். அத்தனையும் விற்றால்தான் 8,000. நீ ஒரு நாள் கால்ஷீட்டுக்கு வாங்கினது இதைவிடக் கூடுதல். தேரூர் கவிமணி பசுவையும் கன்றையும் பாடினார் என்றால், 1931இல் ஓய்வு பெறும்வரை அவருக்கு வாத்தியார் சம்பளம் வந்துகொண்டிருந்தது. சாகித்ய அகாடமி 2010இலிருந்து குழந்தை எழுத்துக்குத் தனி விருது கொடுக்கிறது, 50,000 ரூபாய் என்று அண்ணன் சொல்கிறான். கிடைத்தால் சந்தோஷம்தான். சென்னை வாடகைக்கு அது எத்தனை மாசம் வரும்? நடிப்பை முழுசாக விட்டுவிடாதே என்று சொல்லத்தான் எழுத உட்கார்ந்தேன்.

கதையை அண்ணன் பிள்ளைகளுக்கு நான்தான் வாசித்துக் காட்டினேன். சந்தையில் அந்தப் பெரிய சக்கையை வருகிறவன் போகிறவனெல்லாம் தட்டித் தட்டிப் பார்த்துச் சிரித்துவிட்டு, வாங்காமல் போகிற இடத்தில் சின்னவள் விழுந்து விழுந்து சிரித்தாள். பெரியவன் சிரிக்கவில்லை. "எல்லாரும் அதை ஏன் ஆச்சி தட்டுறாங்க?" என்றான். அடுப்பில் பால் இருக்கிறது என்று எழுந்து போய்விட்டேன்.

உன் படம் எதையும் நாங்கள் விட்டதில்லை. நீ ஏறினால் ஆட்டோ சாயும், உட்கார்ந்தால் நாற்காலி முறியும், ஹீரோவின் கூட்டாளி உன்னைக் கண்டு ஓடுவான். தியேட்டரே சிரிக்கும். கலைவாணரும் மதுரமும் நடித்ததில் அவர் ஒன்று சொன்னால் மதுரம் இரண்டு சொல்வார். 1944 கடைசியில் அவரைக் கொலை வழக்கில் பிடித்துப்போனார்கள். 1947இல் விடுதலையாகி வருவதற்குள் நாடகக் கம்பெனி நடத்தினதும் அந்த அம்மாள்தான். கலைவாணர் பிறந்த ஒழுகினசேரி வழியாகப் போகும்போதெல்லாம் அப்பா இதைச் சொல்லி, "நம்ம பிள்ளைக்கு அப்படி ஒரு வசனம் எழுத ஒருத்தனுக்கும் கை வரலியே" என்பார். வசனம் கொடுத்தால் நீ பேசியிருப்பாய். பள்ளிக்கூட ஆண்டுவிழாவில் நீ பேசினதைக் கேட்டுக் கலெக்டர் ஆபீஸ் மாமா கும்பிட்டது மறந்துபோச்சா?

கடைசிப் பட ஷூட்டிங்கிலிருந்து நீ பாதியில் வந்துவிட்டாய் என்று சித்தி சொன்னாள். நீ சொல்லவில்லை. கேட்டால் "ஒண்ணுமில்லம்மா" என்பாய். சரி, கேட்கவில்லை.

ஓணத்துக்கும் வரவில்லை, கோயில் கொடைக்கும் வரவில்லை. சினிமாவில் இருந்தபோது நேரமில்லை என்றாய். எழுதுகிறவளுக்கு என்ன, இங்கே இருந்தும் எழுதலாமே. மாடி அறையில் ஃபேன் மாற்றியாச்சு. சுசீந்திரம் மார்கழித் திருவிழாவுக்காவது வா, ஒன்பதாம் நாள் தேர். ரயிலில் இப்போது 60 நாளைக்கு முன்னால்தான் முன்பதிவு திறக்கிறார்கள். திறந்த அன்றைக்கே கன்னியாகுமரி எக்ஸ்பிரஸில் போட்டுவிடு, காசு அப்பா தருவார்.

அப்புறம், ராத்திரி ஒழுங்காகச் சாப்பிடு. ரெண்டு சப்பாத்தி போதும் என்று நீ சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை. யாருக்காக மெலிய வேண்டும்?

கடைசியில் அந்தச் சக்கையைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போகிற கிழவிக்கு நீ ஏன் பெயர் வைக்கவில்லை என்று சின்னவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். நான் என் பெயரைச் சொல்லி வைத்திருக்கிறேன். நீ வந்து மாற்றிச் சொல்லிவிடாதே.

அம்மை