ஹாரி கார் ஓட்டி அல்ல

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

சென்ற இதழின் சினிமாப் பக்கத்தில் 'டெரிக்' என்ற ஜேர்மன் துப்பறியும் தொலைக்காட்சித் தொடரில் டெரிக்கின் உதவியாளர் ஹாரி கிளைனாக நடித்த ஃபிரிட்ஸ் வெப்பரை 'டெரிக்குக்குக் கார் எடுத்துவரும் ஆள்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். அருகில் போட்ட படமோ அவருடைய தம்பி எல்மார் வெப்பருடையது. 1974இல் ஃபிரிட்ஸ் 'டெரிக்'குக்குப் போனபோது, அதுவரை ஹாரியாகவே நடித்த 'டேர் கொம்மிஸ்ஸார்' தொடரில் அவர் இடத்துக்கு வந்தவர் இதே எல்மார்தான், அதுவும் ஹாரியின் தம்பியாகவே. மியூனிக் தயாரிப்பாளர்களுக்கு யார் யாரென்று தெரிந்திருந்தது.

'ஹாரி, காரை எடுத்துவா' என்ற அந்தப் பிரபலமான வசனத்தை டெரிக் அப்படியே ஒருநாளும் சொன்னதில்லை என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. 1998 வரை 281 கதைகள். ஹாரி கிளைன் அத்தனையிலும் துப்பறியும் அதிகாரி. எண்பதுகளில் நாங்கள் இங்கே ஜேர்மனிக்கு அகதிகளாக வந்து, ஓர் அறைக்குள் நெருக்கியடித்துக்கொண்டு வெள்ளி இரவு எட்டேகாலுக்கு அதைத்தான் பார்ப்போம். டெரிக் பேசும் டொச் மொழி பாதி விளங்காது. ஹாரியின் முகத்தைப் பார்த்துத்தான் கொலைகாரன் யாரென்று ஊகிப்போம். பெரும்பாலும் சரியாகவே இருக்கும்.

சரி, 'டெரிக்'கை விடுங்கள். பெர்ன்ஹார்ட் விக்கி 1959இல் எடுத்த 'டீ ப்ரூக்கெ' படத்தில், போரின் கடைசி நாட்களில் ஒன்றுக்கும் உதவாத ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்படும் பள்ளிப் பையன்களில் உயிர் தப்பும் ஒரே பையன் யார்? இந்த ஃபிரிட்ஸ்தான். அப்போது அவருக்குப் பதினெட்டு வயதுகூட இல்லை. எட்டு ஆஸ்கார் வாங்கிய 'காபரே'யில், யூதன் என்பதை மறைத்து வாழ்ந்து, நாஜிகள் தலையெடுக்கும் நேரம் பார்த்து, காதலிக்காக அதைச் சொல்லிவிடும் ஃபிரிட்ஸ் வெண்டலும் இவர்தான். 'காபரே' பற்றி உங்கள் இதழ் ஒருமுறை நான்கு பக்கம் எழுதியது. லைசா மினெலியின் தொப்பிக்குக்கூட இடம் இருந்தது, இவர் பெயருக்கு இல்லை. அப்போது நான் எழுதிய கடிதமும் வரவில்லை. அந்த வாரம் வாசகர் பக்கத்தில் கத்தரிக்காய்க் குழம்பு வந்திருந்தது. நல்ல குழம்பு, செய்து பார்த்தோம்.

டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பர்ட் நாஜிகளின் வாஃபன் எஸ்.எஸ். படையில் இருந்தது 2013இல் தெரியவந்ததும் தொலைக்காட்சி 'டெரிக்' மறுஒளிபரப்பை நிறுத்தியது. அதில் எனக்கு மறுபேச்சில்லை. ஆனால் போர்க்காலத்தில் பிறந்த குழந்தையான ஹாரியும் சேர்ந்தல்லவா காணாமல்போனார்? கன்னியாஸ்திரிகளோடு மடத்துக்காக மல்லுக்கட்டும் நகரத் தலைவராக 2002 முதல் 2021 வரை 'உம் ஹிம்மல்ஸ் வில்லன்' தொடரில் வந்து ஊரையே சிரிக்கவைத்ததை நீங்களாவது குறிப்பிட்டிருக்கலாம். உங்கள் 'உலக சினிமா' பகுதியில் ஜேர்மனி என்றாலே மூன்று இயக்குநர்கள்தான் மாறி மாறி வருகிறார்கள். சந்தா மட்டும் ஆண்டுதோறும் தவறாமல் ஏறுகிறது.

எல்மார் 2023 அக்டோபரிலும், ஃபிரிட்ஸ் 2024 மார்ச்சிலும் காலமானார்கள். அடுத்த இதழில் ஒரு சிறு பெட்டிச் செய்தியில் சரியான படத்தைப் போட்டுவிடுங்கள், போதும். இடமில்லையென்று இந்தக் கடிதத்தைச் சுருக்குவதானால் டெரிக்கை வெட்டுங்கள், ஹாரியை வேண்டாம்.

இப்படிக்கு,
நெடுநாள் சந்தாதாரர்,
டோர்ட்முண்ட்